பொட்டு வைத்த இசைத்தட்டு

அந்த இசைத்தட்டைப் பன்னிரண்டு வருடம் படித்தேன். அதைக் கேட்டது ஒரு ஞாயிற்றுக்கிழமை மாலை, மாமல்லபுரத்துக்குப் போகும் சாலையில் ஒரு காபிக் கடையில், முப்பது பேருக்கு முன்னால். அந்த மாலையைப் பற்றி எழுதத்தான் உட்கார்ந்திருக்கிறேன். ஆனால் தட்டு எங்கள் வீட்டுக்கு வந்த விதத்தைச் சொல்லாவிட்டால் அன்று நான் ஏன் அப்படி நடந்துகொண்டேன் என்பது புரியாது.

அம்மா முட்டுக்காடு தாண்டி இருக்கும் ஒரு ரிசார்ட்டில் ஹவுஸ்கீப்பிங் வேலை செய்கிறாள். அறை துடைப்பது, படுக்கை விரிப்பு மாற்றுவது, குளியலறை கழுவுவது. அவளுக்கு எழுத்துத் தெரியாது. அதனாலேயே எழுத்து இருக்கும் எதையும் அவளால் குப்பையில் போட முடியாது. தங்கிப் போனவர்கள் விட்ட செய்தித்தாள், மாத்திரைப் பெட்டிக்குள் எட்டாக மடித்திருக்கும் தாள், பழைய மெனு அட்டை எல்லாம் அவள் பையில் ஏறி வீட்டுக்கு வரும். எது வேண்டும், எது வேண்டாம் என்று பிரிப்பது என் வேலை. எங்கள் வீட்டில், அப்பா வழியிலும் அம்மா வழியிலும் சேர்த்து, பள்ளிக்கூடத்தை முழுதாக முடித்த முதல் ஆள் நான். இதைச் சொல்லும்போது நான் குரலைத் தாழ்த்துவதில்லை.

நான் எட்டாம் வகுப்பில் இருந்தபோது அந்த ரிசார்ட்டின் பாரைப் புதுப்பித்தார்கள். சுவரில் ஒட்டுவதற்காகப் பழைய இசைத்தட்டுகளைப் பெட்டி பெட்டியாக வாங்கி வந்தார்கள். யார் பாடியது, என்ன பாட்டு என்று யாரும் பார்க்கவில்லை. கறுப்பாக, வட்டமாக இருந்தால் போதும். ஒட்டியது போக மீந்தவை பின்வாசலில் குப்பை மூட்டைகளோடு கிடந்தன. உறையோடு இருந்த ஒன்றை அம்மா எடுத்துக்கொண்டாள். உறையின் பின்பக்கம் முழுக்க எழுத்தாக இருந்ததுதான் காரணம். அங்கே ஒரு கிழிந்த மிதியடியை வெளியே கொண்டுபோவதென்றாலும் கேட் பாஸ் வேண்டும். சூப்பர்வைசரிடம் கேட்டு வாங்கினாள். வாசலில் செக்யூரிட்டி தட்டை வெளியே உருவிப் பார்த்தாராம்.

"இன்னாக்கா, தோசைக்கல்லா? எண்ணெய் வுட்டா ஒட்டாதுபோல கீதே."

"உனுக்கு ரெண்டு ஊத்தித் தரேன், நவுரு" என்று சொல்லிவிட்டு அம்மா ஷேர் ஆட்டோ ஏறிவிட்டாள்.

வீட்டுக்கு வந்ததும் அதை என் மடியில் வைத்தாள். "எழுத்து நெறைய கீது, பாரு. படி."

அறுபதுகளில் வெளிநாட்டில் பேர் வாங்கிய ஒரு பாப் பாடகரின் தட்டு அது. அப்போது எல்லார் வாயிலும் இருந்த பன்னிரண்டு ஆங்கிலப் படப் பாட்டுகளை எடுத்து அவர் தன் குரலில் பாடியிருக்கிறார். முன்பக்கத்தில் அவர் படம். கறுப்புக் கோட்டு, தளர்த்திவிட்ட டை, பின்னால் காலியான ஒரு சினிமா தியேட்டரின் சிவப்பு நாற்காலிகள். பின்பக்கத்தில் பாட்டுகளின் பட்டியல், அதன் கீழே அவரைப் பற்றி மூன்று பத்தி.

நான் தமிழ் வழியில் அரசுப் பள்ளியில் படித்தவள். பாடப்புத்தகத்துக்கு வெளியே நான் முழுதாகப் படித்த முதல் ஆங்கிலம் அந்த மூன்று பத்திகள்தான். அகராதியை வைத்துக்கொண்டு ஒரு மாதம் படித்தேன். அவர் பாடும் விதத்தைச் சொல்லும் ஒரு வார்த்தைக்கு என் அகராதி 'முயற்சி இல்லாத' என்று பொருள் போட்டிருந்தது. முயற்சியே செய்யாத ஒரு மனிதரைத் தட்டின் முதுகிலேயே எதற்காகத் திட்டி எழுதியிருக்கிறார்கள் என்று எனக்குப் புரியவில்லை. அலட்டாமல், வெகு இயல்பாகப் பாடுகிறார் என்ற பாராட்டு அது என்று தெரிய பதினோராம் வகுப்பு வரை ஆனது. எங்கள் வீட்டில் எதுவும் முயற்சி இல்லாமல் நடந்ததில்லை, அதனால் அப்படி ஒரு பாராட்டு இருக்க முடியும் என்று தோன்றவில்லை.

தட்டைச் சுழலவிடும் கருவி எங்களிடம் இல்லை. தெருவிலும் யாரிடமும் இல்லை. அதனால் அது எங்களுக்குப் புத்தகமாகவே இருந்தது. புத்தகத்துக்கு உரிய மரியாதை எல்லாம் அதற்கும் கிடைத்தது.

அப்பா கேளம்பாக்கத்திலிருந்து ஷேர் ஆட்டோ ஓட்டுகிறார். ஆயுத பூஜை அன்று காலையில் ஆட்டோவைக் கழுவி, வாழைக்கன்று கட்டி, சந்தனமும் குங்குமமும் வைப்போம். வீட்டுக்குள் ஒரு மணை போட்டு என் புத்தகங்களை அடுக்கி அவற்றுக்கும் வைப்போம். எட்டாம் வகுப்பு வருடமே அம்மா அந்தத் தட்டையும் புத்தகங்களோடு அடுக்கிவிட்டாள். எல்லாப் புத்தகத்துக்கும் அட்டையில் வைப்பதுபோல இதற்கும் வைத்தாள். அட்டையில் இருந்தது ஒரு முகம். அதனால் பொட்டு நேராக அந்தப் பாடகரின் நெற்றியில் விழுந்தது. அப்பா பார்த்துவிட்டு, "மாப்ள மாதிரி கீறாரு, ஒரு மாலையும் போடேன்" என்றார். பன்னிரண்டு வருடமும் அதே இடத்தில் பொட்டு. நெற்றியில் அந்த இடம் அழியாத செம்மஞ்சள் ஆகிவிட்டது.

ஒரு வருடம் அம்மா இன்னும் ஒரு படி மேலே போனாள். "வண்டிக்கு வெளியவும் வெக்கிறோம், உள்ள ஸ்டேரிங்குக்கும் வெக்கிறோம். இதுக்கு மட்டும் இன்னாத்துக்கு வெளிய?" என்று உறையிலிருந்து தட்டை எடுத்து அதன் மேலும் கட்டைவிரலால் சந்தனம் வைத்தாள். நான் தடுக்கவில்லை. அந்தக் கறுப்பு வரிகளுக்குள்தான் பாட்டு இருக்கிறது என்று எனக்கும் அப்போது சரியாகத் தெரியாது.

செங்கல்பட்டில் கல்லூரிக்குப் போனேன். ஆங்கில இலக்கியம். திருப்போரூரிலிருந்து போகும் பஸ்ஸில் ஒரு தோழியின் ஃபோனில் அந்தப் பாடகரைத் தேடி, இயர்ஃபோனை ஆளுக்கு ஒரு காதில் மாட்டிக்கொண்டு கேட்டோம். எனக்கு ஏமாற்றம். அட்டையில் அவ்வளவு நிமிர்ந்து நிற்கும் மனிதர், கணீர் என்று பாடுவார் என்று நினைத்திருந்தேன். அவரோ பக்கத்து சீட்டில் உட்கார்ந்து காதருகே பேசுவதுபோலப் பாடினார். பஸ் ஹாரனில் பாதி கேட்கவில்லை. பிறகு யோசித்தபோதுதான் பிடிபட்டது. மைக் கையில் இருப்பவன் கத்த வேண்டியதில்லை. எங்கள் தெருவில் எல்லாரும் உரக்கப் பேசுவோம். மெல்லச் சொன்னால் யாரும் காது கொடுத்ததில்லை என்பதால் வந்த பழக்கம் அது. கல்லூரியில் என்னைப் பலர், 'கொஞ்சம் மெதுவாப் பேசு' என்று திருத்தினார்கள். கேட்கிறவர்கள் கிட்ட வரட்டும், அப்போது மெதுவாகப் பேசுகிறேன் என்று ஒருத்தியிடம் சொல்லியும் இருக்கிறேன்.

அம்மாவுக்கும் ஃபோனில் போட்டுக் காட்டினேன். கேட்டுவிட்டு, "இந்தப் பாட்டையெல்லாம் சினிமாவுல பாடுனது இவருதானா?" என்றாள்.

"இல்லமா. படத்துல வேற வேற ஆளுங்க பாடுனது. இவரு அத்தயெல்லாம் எடுத்துத் தன் குரல்ல பாடிகீறாரு."

"அப்ப கச்சேரிக்காரருனு சொல்லு."

எங்கள் பக்கத்துக் கோயில் திருவிழாவில் மேடை போட்டு சினிமாப் பாட்டு பாட வரும் மெல்லிசைக் குழுவைத்தான் சொன்னாள். மூன்று வருடம் இலக்கியம் படித்த நான் அவரை அவ்வளவு சரியாகப் பிடித்திருக்கவில்லை. பிறகு அம்மா ஃபோனைத் திருப்பிக் கொடுத்தாள்.

"நல்லாத்தான் கீது. ஆனா ஃபோன்ல வர்றது ஊருக்கே வருது. நம்ம தட்டு பாடுதா, இல்லியா? அத்தச் சொல்லு."

அன்றிலிருந்து எனக்கு ஒரே ஆசை. எங்கள் தட்டு பாட வேண்டும். அம்மா அதை உட்கார்ந்து கேட்க வேண்டும்.

படிப்பு முடிந்து ஓ.எம்.ஆர். சாலையில் ஓர் அலுவலகத்தில் சேர்ந்தேன். அங்கேதான் அந்தக் காபிக் கடையைப் பற்றிக் கேள்விப்பட்டேன். மாதம் ஒரு ஞாயிறு, இசைத்தட்டு வைத்திருப்பவர்கள் கூடுவார்கள். ஒருவருக்குப் பதினைந்து நிமிடம். தட்டைப் பற்றிப் பேசி, கடையின் கருவியில் ஒரு பக்கம் போட்டுக் காட்டலாம். பேர் கொடுத்தேன். கடையின் உரிமையாளரே ஃபோன் செய்தார். நாற்பது வயது இருக்கலாம். நல்ல மரியாதையாகத்தான் பேசினார்.

"ஆல்பம் ஓகேங்க. ஆனா வெஸ்டர்ன் பாப் நிறைய பேர் கொண்டு வராங்க. நீங்க லோக்கல்னு போட்டிருக்கீங்களே?"

"ஆமா சார். திருப்போரூர் பக்கம்."

"சூப்பர். அப்ப உங்க சைடுல நடவுப் பாட்டு, ஒப்பாரி எல்லாம் இருக்குமே? உங்க அம்மாவக் கூட்டிட்டு வாங்க. அவங்க பாடட்டும். ரொம்ப ஆதென்டிக்கா இருக்கும்."

"எங்க அம்மா நாத்து நட்டதில்ல சார். பதினேழு வயசுலேர்ந்து ஓட்டல்ல பாத்ரூம் கழுவுறாங்க. அதுக்குப் பாட்டு இல்ல."

"நான் தப்பா எதுவும் சொல்லலைங்க" என்றார்.

"நானும் தப்பா எடுத்துக்கல சார். தட்டுதான் கொண்டு வரேன்."

நடவுப் பாட்டை நான் இழிவாக நினைப்பவள் இல்லை. எங்கள் ஆட்கள் அடுத்தவர் வயலில் குனிந்து நின்று பாடியவர்கள்தான். அது எனக்குத் தெரியும், அதில் எனக்கு வெட்கமும் இல்லை. ஆனால் கல்லூரி ஆண்டு விழா தொடங்கி, என்னைப் பார்த்தவுடன் யாருக்கோ அந்தப் பாட்டு நினைவுக்கு வந்துவிடுகிறது. பக்கத்தில் நிற்கும் பெண் கிடார் வாசிக்கலாம், பிரெஞ்சு பாடலாம். நான் மட்டும் கூடையோடு மேடை ஏற வேண்டும். எங்கள் வயல் எங்களுடையதாக ஒருநாளும் இருந்ததில்லை, பாட்டை மட்டும் விடாமல் எங்கள் தலையில் கட்டுகிறார்கள். பிடித்த பாட்டை எடுத்துக்கொள்ள எனக்கும் உரிமை உண்டு. அட்டையில் இருக்கிற அந்த மனிதர் அதைத்தானே செய்தார்? மற்றவர்கள் பாடிப் புகழ் பெற்ற பாட்டுகளை எடுத்து இனி இது என்னுடையது என்று பாடினார். உன் ஊர்ப் பாட்டு எங்கே என்று அவரிடம் யாரும் கேட்டதாக அந்த மூன்று பத்திகளில் இல்லை.

ஞாயிறு அன்று அம்மாவுக்குக் காலை ஷிஃப்ட். அப்பாவும் நானும் ஆட்டோவில் போய் ரிசார்ட் வாசலில் அவளை ஏற்றிக்கொண்டோம். யூனிஃபார்மில் இருந்தாள்.

"சேலை மாத்திக்கட்டா?"

"வேணாம்மா, டைம் ஆச்சு."

அப்பா கண்ணாடியில் பின்னால் பார்த்தார். "ஒரு தட்டுக்கு ரெண்டு பாடிகார்டு, ஒரு டிரைவரு. மந்திரிக்குக்கூட இப்புடி இல்ல."

கடையில் எங்களுக்கு முன் பேசியவர் வெள்ளைத் தாடி வைத்த ஒரு சேகரிப்பாளர். நாற்பது நிமிடம் பேசினார். தட்டு எந்த நாட்டில் அச்சானது, உறையில் எந்த மூலை மழுங்கினால் மதிப்புக் குறையும் என்றெல்லாம் சொன்னார். உரிமையாளர் ஒருமுறைகூட மணி பார்க்கவில்லை. பிறகு என்னைக் கூப்பிட்டார். தட்டை வாங்கிப் பார்த்ததும் அவர் முகம் மாறியது.

"ஐயோ. யாருங்க இப்படிக் கெடுத்தது?"

தாடிக்காரர் எழுந்து வந்து எட்டிப் பார்த்தார். "என்ன அது, கறையா?"

"கறை இல்ல சார். பொட்டு" என்றேன். "ஆயுத பூஜைக்கு வெச்சது. யாரும் கெடுக்கல."

இரண்டு பேர் சிரித்தார்கள். கேலி என்றுகூடச் சொல்ல முடியாது, குழந்தை செய்ததைப் பார்த்துச் சிரிப்பதுபோல. எனக்கு அதுதான் அதிகமாக உறைத்தது. உரிமையாளர் தட்டை உருவி விளக்குக்கு எதிரே சாய்த்துப் பார்த்தார். கறுப்பு வரிகளின் மேல் காய்ந்த சந்தனம் விரல் அகலத்துக்கு அப்பியிருந்தது.

"சாரிங்க. இதைப் போட முடியாது. முள்ளு போயிடும், ரொம்ப டெலிகேட். நீங்க வேணும்னா பேசுங்க, பாட்டை நான் ஃபோன்லேர்ந்து ஸ்பீக்கர்ல போடறேன்."

"ஃபோன்ல கேக்க நாங்க இங்க வரல சார்" என்றேன். "பன்னெண்டு வருஷமா இந்தத் தட்ட வெச்சிருக்கோம். இன்னிக்கி இது பாடணும்."

"அழுக்கா இருக்கேம்மா" என்றார் தாடிக்காரர்.

அதுவரை சுவரோரம் நின்றிருந்த அம்மா முன்னால் வந்தாள். அழுக்கு என்ற சொல்லை அவள் முன்னால் சொன்னால் அது அவளுடைய துறை.

"சார், அந்தத் தட்ட இப்புடிக் குடு. ஒரு கிண்ணத்துல தண்ணி, ஒரு சொட்டு பாத்திரம் தேய்க்கிற லிக்விட். ஒரே சொட்டு, நெறைய வுடாத. காலி கப்பு ஒண்ணு."

உரிமையாளர் தயங்கினார். பிறகு என்ன நினைத்தாரோ, உள்ளே போய்க் கொண்டுவந்து வைத்தார். அம்மா பையிலிருந்து கண்ணாடி துடைக்கும் மெல்லிய துணி ஒன்றை எடுத்தாள். புதிது, மடிப்புக் கலையாதது. நடுவில் ஒட்டியிருந்த காகிதம் நனையாமல் இருக்கக் காபிக் கப்பை அதன் மேல் கவிழ்த்துப் பிடித்துக்கொண்டாள். துணியை நனைத்துப் பிழிந்து, பொட்டின் மேல் ஒத்தி ஊறவிட்டாள். அதன் பிறகு வரிகள் போகும் திசையிலேயே, வட்டமாக, அழுத்தாமல் துடைத்தாள்.

"குறுக்க துடைக்கக் கூடாதா?" என்று யாரோ ஒரு பெண் கேட்டாள்.

"ஸ்டீல் குழாய்ல பாத்ததில்லியாமா? கோடு எப்புடிப் போவுதோ அப்புடியே போவணும். குறுக்க இழுத்தா கீறல் வுழும். அப்பால அழுதாலும் போவாது."

தாடிக்காரர் குனிந்து பார்த்தார். "இதுக்குன்னு தனியா மெஷினே விக்கிறாங்க. செய்யறது இதேதான்" என்றார். அவருக்கு அதை ஒப்புக்கொள்ள இஷ்டமில்லை என்பது குரலிலேயே தெரிந்தது. அம்மா மறுபக்கத்தையும் துடைத்தாள். யாரும் கேட்கவில்லை, ஆனால் அவள் எதையும் ஒரு பக்கம் மட்டும் துடைப்பவள் இல்லை. உலர்ந்த துணியால் ஈரத்தை ஒற்றி எடுத்து, உள்ளங்கைகளுக்கு நடுவே, ஓரத்தை மட்டும் தொட்டுத் தூக்கி நீட்டினாள்.

"இப்ப அழுக்குனு சொல்லு பாக்கலாம்."

உரிமையாளர் விளக்கில் பார்த்தார். கருவியில் வைத்து, கைப்பிடியைத் தூக்கி, முள்ளை ஓரத்தில் இறக்கினார். முதலில் மணல் சரிவதுபோல ஒரு சத்தம். பிறகு வயலின்கள். பிறகு அவர்.

பஸ்ஸில் கேட்ட அதே குரல்தான். ஆனால் இங்கே அவர் அறையில் இருந்தார். மூச்சு இழுப்பது கேட்டது. முப்பது பேரும் அசையாமல் இருந்தார்கள். இரண்டாவது பாட்டில் தட்டு ஒவ்வொரு சுற்றுச் சுற்றும்போதும் 'டிக்' என்று ஒரு சின்னச் சத்தம் வந்தது. உரிமையாளர் நெற்றியைச் சுருக்கினார். அம்மா என் கையைப் பிடித்து இழுத்தாள்.

"அது நான் வெச்ச பொட்டுடி. முழுசாப் போவல."

"தாளம் போடுதுமா" என்றேன். அப்பா பின்னால் நின்று தலையை ஆட்டிக்கொண்டே அந்த டிக்கோடு சேர்ந்து சொடக்குப் போட்டார்.

அந்தப் பாட்டு முடிந்ததும் முள்ளைத் தூக்கி நிறுத்தச் சொல்லிவிட்டு மைக்கை எடுத்துப் பேசினேன். எழுதி வைத்ததைப் பார்க்கவில்லை. இவர் எங்கள் ஊர்க் கணக்கில் ஒரு கச்சேரிக்காரர் என்றேன். கேட் பாஸையும் தோசைக்கல்லையும் சொன்னேன். 'முயற்சி இல்லாத' என்ற வார்த்தையை மூன்று வருடம் வசவாக நினைத்ததைச் சொன்னேன். கல்லூரியில் சொல்லித் தந்ததற்காக அல்ல, மைக் இருந்ததால் மெல்லப் பேசினேன். பின்வரிசையில் இருந்தவர்கள் நாற்காலியை முன்னால் இழுத்துப் போட்டுக்கொண்டார்கள். பிறகு மீதிப் பாட்டுகளைக் கேட்டோம். அம்மா ஒரு நாற்காலியின் நுனியில் உட்கார்ந்து, தட்டு சுற்றுவதையே பார்த்துக்கொண்டிருந்தாள். பாட்டு எங்கிருந்து வருகிறது என்று கண்டுபிடிக்கப் போகிறவள் மாதிரி.

ஆறாவது பாட்டு முடிந்தது. கைதட்டினார்கள். உரிமையாளர் எழுந்து வந்து முள்ளைத் தூக்கினார்.

"பியூட்டிஃபுல். ரொம்ப நல்லா பேசினீங்க. டைம் ஆயிடுச்சு. அடுத்த தடவை கண்டிப்பா உங்க ஊர்ப் பாட்டு பண்ணுவோம், என்ன?"

"இன்னும் ஒரு பக்கம் இருக்கு சார்."

"ஆளுக்கு ஒரு பக்கம்தாங்க. பதினஞ்சு நிமிஷம். அதான் ரூல்."

"எனக்கு முன்னாடி பேசுனவருக்கு நாப்பது நிமிஷம் ஆச்சு. நான் மணி பாத்துகினுதான் இருந்தேன்."

வீட்டில் பேசுவதுபோலவே வாயில் வந்துவிட்டது. திருத்திக்கொள்ளவில்லை. அவர் தாடிக்காரரைப் பார்த்தார். தாடிக்காரர் தன் தட்டின் உறையைப் பார்த்தார். யாரும் நாற்காலியை விட்டு எழவில்லை.

தட்டை அம்மா பிடித்த மாதிரியே ஓரத்தில் பிடித்துத் தூக்கித் திருப்பி வைத்தேன். முள்ளின் கைப்பிடியை நான் தொட்டதில்லை. உரிமையாளர் எப்படிச் செய்தார் என்பதைப் பார்த்திருந்தேன், அது போதும். தட்டு சுற்றத் தொடங்கியது. அவர் இன்னும் நின்றுகொண்டிருந்தார்.

"உக்காருங்க சார்" என்றேன்.

அவர் உட்காரும் வரை காத்திருந்தேன். பிறகு முள்ளை இறக்கினேன்.